மாய் மஸ்ரியின் ஆவணப்படங்கள்: முகாமில் குண்டு விழாத நாட்கள்

ஒற்றைத்திரை

இந்தக் குழுவில் பாலஸ்தீனப் படம் என்று பேச்சு வந்தால் கடைசியாக ஆஸ்கர் வாங்கிய படத்தோடு நின்றுவிடுகிறது. மாய் மஸ்ரியைப் பற்றி ஒரு இழைகூட இல்லை. நாற்பது வருடமாகப் படம் எடுத்துக்கொண்டிருப்பவர். யாரும் ஆரம்பிக்காததால் நானே ஆரம்பிக்கிறேன்.

ஆள் யார் என்று கேட்பவர்களுக்குச் சுருக்கமாக: 1959-இல் அம்மானில் பிறந்தார். அப்பா பாலஸ்தீனத்து நாப்லஸ் நகரக்காரர், அம்மா டெக்சாஸைச் சேர்ந்த அமெரிக்கர். வளர்ந்தது பெய்ரூட்டில். சான் பிரான்சிஸ்கோவில் சினிமா படித்துவிட்டு 1981-இல் திரும்பிவந்தார். அடுத்த வருடமே இஸ்ரேல் படை பெய்ரூட்டை முற்றுகையிட்டது. லெபனான் இயக்குநர் ழான் ஷமூனோடு சேர்ந்து அந்த முற்றுகையைத்தான் முதலில் படமாக்கினார்: 'இடிபாடுகளுக்கு அடியில்', 1983. ஷமூனையே மணந்துகொண்டார். ஷமூன் 2017-இல் காலமானார். நடுவில் நாப்லஸின் முதல் இந்திஃபாதா (இஸ்ரேல் ஆக்கிரமிப்பை எதிர்த்த பாலஸ்தீன மக்கள் எழுச்சி), பெய்ரூட் உள்நாட்டுப் போர், பாலஸ்தீன அரசியல் தலைவர் ஹனான் அஷ்ராவி, 2006 லெபனான் போர் என்று வரிசையாகப் படங்கள்.

நான் பேச வந்தது இரண்டு படங்களைப் பற்றி மட்டும்.

முதலாவது 'ஷத்திலாவின் குழந்தைகள்' (1998). ஷத்திலா பெய்ரூட்டில் உள்ள பாலஸ்தீன அகதி முகாம். அந்தப் பெயர் என்றால் உலகத்துக்கு 1982 செப்டம்பர் 16 முதல் 18 வரைதான். முகாமைச் சுற்றி இஸ்ரேல் படை நிற்க, உள்ளே ஃபலாஞ்சிஸ்ட் என்ற லெபனான் கிறிஸ்தவ ஆயுதக் குழு புகுந்து கொன்று குவித்த நாட்கள். செத்தவர்கள் 800 பேர் என்பதிலிருந்து 3,500 பேர் என்பது வரை கணக்குகள் உண்டு. ஆனால் அந்த முகாம் 1949-இல் போட்டது. அந்த மூன்று நாளுக்கு முன்னாலும் பின்னாலும் அங்கே ஆட்கள் சமைத்து, சண்டை போட்டு, பிள்ளை பெற்று, தலைக்கு மேல் தொங்கும் மின்கம்பிக்குக் குனிந்து நடந்து வாழ்ந்துகொண்டுதான் இருக்கிறார்கள். மஸ்ரி அந்த வாழ்க்கையைத் தேடிப் போகிறார். 11 வயதுப் பெண் ஒருத்தி, 12 வயதுப் பையன் ஒருவன், இவர்கள் கையில் வீடியோ கேமராவைக் கொடுக்கிறார். அவர்கள் சொந்தச் சந்தில், சொந்தக்காரர்களிடம் போய்க் கேள்வி கேட்கிறார்கள்.

இரண்டாவது 'கனவுகளின், அச்சங்களின் எல்லைகள்' (2001). ஷத்திலாவில் மோனா, பெத்லகேம் பக்கத்துத் தெஹீஷா முகாமில் மனார். இரண்டு பேருக்கும் நடுவில் மூடிய எல்லை. மின்னஞ்சலில் தோழிகளாகிறார்கள்.

செய்தி கேமரா குண்டு விழுந்த பிறகு வரும், தூசி அடங்கும் முன் கிளம்பிவிடும். மஸ்ரி அது கிளம்பின பிறகு வருகிறவர். ஒரு முறை போன முகாமுக்கே திரும்பத் திரும்பப் போகிறார். என் கணக்கில் அவருடைய கலையே அதுதான். பார்த்தவர்கள் சொல்லுங்கள்.

கூத்தாநல்லூரான்

படம் பார்த்ததில்லை. ஆனால் நீங்கள் எழுதியது ஒருவரை ஞாபகப்படுத்திவிட்டது. ஷார்ஜாவில் எனக்கு மேலாளராக இருந்தவர் லெபனானில் அய்ன் அல்-ஹில்வே முகாமில் பிறந்த பாலஸ்தீனர். பாஸ்போர்ட் கிடையாது, லெபனான் அரசு அகதிகளுக்குக் கொடுக்கும் பயண ஆவணம்தான். அதை வைத்துக்கொண்டு விசா புதுப்பிக்க அவர் படும் பாட்டைப் பார்த்தால் நம் ஊர் ஆட்கள் விசாவுக்காகப் புலம்பவே மாட்டார்கள்.

வீட்டிலிருந்து போன் வந்தால் என்ன பேசுவார் என்று நினைக்கிறீர்கள்? ஜெனரேட்டர்காரனுக்கு மாதப் பணம் கட்டியாச்சா, குடிக்கிற தண்ணீர் வாங்கினீர்களா, தங்கச்சி மாப்பிள்ளைக்கு வேலை ஏதாவது ஆச்சா. இவ்வளவுதான். அரசியலை நாங்கள்தான் கிண்டிக் கிண்டிக் கேட்போம். அவர் சிரித்துக்கொண்டே 'முதலில் டீ சொல்' என்பார்.

ரீல்பெட்டி

நல்ல இழை. பின்னணி கொஞ்சம் சேர்க்கிறேன், ஏனென்றால் 'அன்றாடம்' என்பது பாலஸ்தீன சினிமாவில் தானாக வந்ததில்லை.

1968 வாக்கில் அம்மானில் முஸ்தஃபா அபு அலி, சுலாஃபா ஜாதல்லா, ஹனி ஜவ்ஹரியே மூவரும் சேர்ந்து ஒரு திரைப்படப் பிரிவு தொடங்கினார்கள். விடுதலை இயக்கத்தின் சினிமா. அரபு உலகின் முதல் பெண் ஒளிப்பதிவாளர்களில் ஒருவர் சுலாஃபா, அவரும் நாப்லஸ்காரர்தான். தலையில் குண்டு பாய்ந்து உடம்பின் ஒரு பக்கம் செயலிழந்துபோனது. ஜவ்ஹரியே 1976-இல் லெபனான் மலையில் படம் எடுத்துக்கொண்டிருக்கும்போதே கொல்லப்பட்டார். அபு அலி 1974-இல் எடுத்த படத்தின் பெயரே 'அவர்கள் இல்லை'. பாலஸ்தீனர் என்று யாரும் இருந்ததில்லை என்று 1969-இல் இஸ்ரேல் பிரதமர் கோல்டா மேயர் சொன்னதற்குப் பதில்.

அந்தப் படங்களில் முகாம் வரும், பெண்கள் செடிக்குத் தண்ணீர் ஊற்றுவார்கள், பிள்ளைகள் ஓடுவார்கள். ஆனால் எல்லாம் அடுத்து வரப்போகிற விமானத்துக்கான முன்னேற்பாடுதான். பூந்தொட்டியைக் காட்டினால் அடுத்த ரீலில் அது உடையும். நான் குறை சொல்லவில்லை. உயிரைக் கொடுத்து எடுத்த படங்கள். அவற்றின் சேகரமே 1982 முற்றுகைக் காலத்தில் காணாமல் போனது. ஒரு பகுதி இஸ்ரேல் ராணுவக் காப்பகத்தில் இருப்பது பிற்பாடு தெரியவந்தது.

கவனிக்க வேண்டியது: மஸ்ரியின் கணவர் ஷமூன் அந்தப் பள்ளியிலிருந்து வந்தவர். பெய்ரூட்டின் தல் அல்-ஸஅதர் அகதி முகாம் பற்றிய 1977 படத்தில் அபு அலியோடு சேர்ந்து இயக்கியவர். ஆக, பூந்தொட்டி உடையும் வரை காத்திருக்காமல் அதையே பார்த்துக்கொண்டிருக்கலாம் என்ற முடிவு அந்த வீட்டுக்குள்ளேயே எடுத்ததுதான். எதிர்முகாமிலிருந்து வந்ததில்லை.

தேன்மொழி

ஒற்றைத்திரை, நீங்கள் சொன்ன இரண்டாவது படத்தை மட்டும் பார்த்திருக்கிறேன். பிடித்தது. ஆனால் ஒரு உறுத்தல் போகவே மாட்டேன் என்கிறது, அதைச் சொல்லிவிடுகிறேன்.

ஏன் எப்போதும் குழந்தைகள்? தலைப்புகளைப் பாருங்கள்: 'நெருப்பின் குழந்தைகள்' (1990), 'ஷத்திலாவின் குழந்தைகள்'. எல்லைப் படத்திலும் இரண்டு சிறுமிகள். வெளிநாட்டுத் திரைவிழாக்காரனுக்கு ஒரு பாலஸ்தீனரைப் பார்த்து இரக்கம் வர வேண்டுமென்றால் அவருக்கு வயது 13-க்குள் இருக்க வேண்டும். அதைத் தாண்டினால் சந்தேகம் வந்துவிடும். 25 வயதில் வேலை இல்லாமல் சந்து முனையில் சிகரெட் பிடித்துக்கொண்டு நிற்கிறவனும் அதே ஷத்திலாவில்தான் இருக்கிறான். அவனுடைய அன்றாடம் யாருக்கும் வேண்டாமா?

'இவர்களும் மனிதர்களே' என்று நிரூபிக்கிற படங்கள் மேல் எனக்கு ஒரு அலுப்பு உண்டு. யாரிடம் நிரூபிக்க வேண்டும்? நாற்காலியில் உட்கார்ந்து மதிப்பெண் போடுகிறவன் யார்?

அப்புறம், கேமராவைப் பிள்ளை கையில் கொடுத்தார் சரி. வெட்டியது யார்? எதை வைத்துக்கொள்வது, எதைத் தூக்கிப்போடுவது என்று முடிவு செய்தது மஸ்ரிதானே. கேமரா கைமாறினாலும் கத்தரி கைமாறவில்லை.

ஒற்றைத்திரை

> கேமரா கைமாறினாலும் கத்தரி கைமாறவில்லை

இது நியாயமான கேள்வி, மறுக்க மாட்டேன். ஆனால் கேமரா கொடுத்ததை வெறும் உத்தியாக நான் பார்க்கவில்லை. வெளியாள் மைக்கை நீட்டினால் முகாம் பெரியவர்களிடம் ஒரு பேச்சு தயாராக இருக்கும். 1948-இல் விட்டுவந்த வீடு, அதன் சாவி, திரும்பிப்போகும் உரிமை பற்றிய ஐ.நா. தீர்மானம். வருடக்கணக்காக நிருபர்களுக்குச் சொல்லிச் சொல்லி மெருகேறிய பேச்சு. பொய் இல்லை, ஆனால் தயாரானது. அதே கேள்வியைப் பக்கத்து வீட்டுப் பிள்ளை கேட்டால் அந்தப் பேச்சு எடுபடாது. பிள்ளைக்கு வேறு மாதிரிதான் சொல்லியாக வேண்டும். அந்த மாற்றத்துக்காகத்தான் கேமரா பிள்ளை கைக்குப் போகிறது என்று எனக்குத் தோன்றுகிறது.

'ஏன் குழந்தைகள்' என்பதற்கு எல்லைக் காட்சியைத்தான் காட்டுவேன். பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் விரிவாக.

2000 மே மாதம் இஸ்ரேல் தெற்கு லெபனானை விட்டு வெளியேறியது. 22 வருட ஆக்கிரமிப்புக்குப் பிறகு லெபனான் பக்கத்திலிருந்து ஆட்கள் எல்லை வேலி வரை போக முடிந்தது. செய்தி பரவியதும் முகாம்களிலிருந்து வண்டி பிடித்துக் குடும்பம் குடும்பமாகப் போகிறார்கள். அந்தப் பக்கமும் அதே போல. 1948-இல் பிரிந்துபோன சொந்தங்கள் முள்கம்பிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நிற்கிறார்கள். ஷத்திலாப் பிள்ளைகள் இங்கே, தெஹீஷாப் பிள்ளைகள் அங்கே. அதுவரை ஒருவரை ஒருவர் கணினித் திரையில் எழுத்தாக மட்டும் அறிந்தவர்கள். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு, கூட்டத்தில் முகத்தைத் தேடி, கம்பி இடைவெளியில் கையை நுழைத்து விரலைப் பிடித்துக்கொள்கிறார்கள். பின்னால் ராணுவம் நிற்கிறது. நீ எந்த ஊர், உன் தாத்தா எந்த ஊர் என்ற பேச்சு ஓடுகிறது. ஊர் என்று சொல்கிறது அவர்கள் பிறந்த இடத்தை இல்லை, தாத்தா விட்டுவந்த கிராமத்தை.

இதே காட்சியில் பெரியவர்களை மட்டும் வைத்திருந்தால் கண்ணீரோடு முடிந்திருக்கும். பிள்ளைகள் அழுகிறார்கள், சிரிக்கிறார்கள், உடனே அடுத்து எப்போது பார்க்கலாம் என்று திட்டம் போடுகிறார்கள். அது நடக்கப்போவதில்லை என்று பார்க்கிற நமக்குத் தெரியும். அந்தச் செப்டம்பரில் இரண்டாவது இந்திஃபாதா வெடிக்கிறது. படத்தின் பின்பகுதி முழுக்க அதுதான். மின்னஞ்சலில் தோழிக்குப் பதில் எழுதின அதே மனார் தெருவில் கல்லோடு நிற்கிறாள். இந்த இடத்தில் படம் அவளை 'அப்பாவிக் குழந்தை' என்ற அலமாரியில் வைத்துப் பூட்டவில்லை. தேன்மொழி, உங்கள் மதிப்பெண் போடுகிற ஆள் இந்த இடத்தில் கண்டிப்பாக மார்க்கைக் குறைத்திருப்பான்.

தராசு

மன்னிக்கவும், ஒரு சந்தேகம். இஸ்ரேல் பக்கத்து அன்றாடமும் இருக்கிறதே? ராக்கெட்டுக்குப் பயந்து பதுங்கு அறைக்கு ஓடும் பிள்ளைகள் அங்கேயும் உண்டு. ஒரு ஆவணப்படம் இரண்டு பக்கத்தையும் காட்ட வேண்டாமா?

ரீல்பெட்டி

> இரண்டு பக்கத்தையும் காட்ட வேண்டாமா?

அந்தப் பிள்ளைகள் பற்றிய படங்களும் இருக்கின்றன, நன்றாகவே இருக்கின்றன. ஒரு மீனவக் குடும்பத்தைப் பற்றிப் படம் எடுப்பவரிடம் மாவட்ட ஆட்சியரின் அன்றாடம் எங்கே என்று நாம் கேட்பதில்லையே. படம் யாருடைய வீட்டுக்குள் போகிறதோ அந்த வீட்டை ஒழுங்காகக் காட்டுகிறதா என்றுதான் பார்க்க வேண்டும்.

தராசு

ஆட்சியர் ஒப்பீடு எடுபடவில்லை, ஆட்சியரின் பிள்ளைகள் மீது யாரும் ராக்கெட் விடவில்லை. ஆனால் சொல்ல வருவது புரிகிறது. படத்தைப் பார்த்துவிட்டுப் பேசுகிறேன்.

இழைக்காவலர்

போர், தீர்வு, யார் முதலில் தொடங்கியது ஆகியவற்றுக்குத் தனி இழை இருக்கிறது. இங்கே படங்கள் மட்டும்.

ரீல்பெட்டி

தேன்மொழி கேட்ட 25 வயதுக்காரன் கேள்விக்கு வருவதற்கு முன்னால் மிஷெல் கிலைஃபியைச் சொல்லாமல் போனால் பாவம். நாசரேத்தில் 1950-இல் பிறந்தவர், 1970-இல் பெல்ஜியம் போய்ப் படித்தவர். 1980-இல் எடுத்த 'வளமான நினைவு' இரண்டு பெண்களின் அன்றாடம். ஒருவர் சஹர் கலீஃபே, நாவலாசிரியர், விவாகரத்தானவர், தனியாகப் பிள்ளைகளை வளர்ப்பவர். இன்னொருவர் இயக்குநரின் சொந்த அத்தை, ரூமியா. இஸ்ரேலுக்குள் வாழ்கிற விதவை, துணி ஆலையில் வேலை.

ரூமியாவின் நிலத்தை அரசு எப்போதோ எடுத்துக்கொண்டுவிட்டது. பணமோ மாற்று நிலமோ வாங்கிக்கொள்ளலாம், ஒரு கையெழுத்துப் போதும். பிள்ளைகள் கெஞ்சுகிறார்கள், கோபப்படுகிறார்கள், கணக்குப் போட்டுக் காட்டுகிறார்கள். அத்தை மாவு பிசைந்துகொண்டும், பாத்திரம் கழுவிக்கொண்டும், முடியாது என்கிறார். கோஷம் இல்லை, கொடி இல்லை. சொத்துத் தகராறு நடக்கும் எந்த வீட்டு அடுக்களையிலும் கேட்கிற தொனிதான். பின்னால் அவரை அந்த நிலத்துக்கே கூட்டிப்போகிறார்கள். வேறு யாரோ பயிர் செய்கிற தன் நிலத்தில் அந்த அம்மா நடக்கிறார். கேமரா தள்ளி நின்று பார்க்கிறது.

மஸ்ரி வந்து சேர்கிற பாதையை இந்தப் படம்தான் போட்டது என்பது என் அபிப்பிராயம். இந்த மாதிரிக் காட்சி எடுக்க இயக்குநர் அந்த வீட்டுப் பிள்ளையாக இருக்க வேண்டும், இல்லை வருடக்கணக்கில் அந்த வீட்டில் சாப்பிட்டிருக்க வேண்டும்.

தேன்மொழி

ரூமியா அத்தையைக் கட்டாயம் பார்க்கிறேன். இப்போது என் ஆள்.

மஹ்தி ஃப்ளைஃபெல், 'நமதல்லாத உலகம்' (2012). கூத்தாநல்லூரான் சொன்ன அதே அய்ன் அல்-ஹில்வே. துபாயில் பிறந்து, சிறுவயதில் முகாமில் இருந்து, குடும்பத்தோடு டென்மார்க்குக்குக் குடிபெயர்ந்தவர். அப்பா ஓயாமல் வீட்டு வீடியோ எடுப்பவர், மகனுக்கும் அந்த வியாதி தொற்றிக்கொண்டது. வருடா வருடம் விடுமுறைக்கு முகாமுக்குப் போய் எடுத்ததையெல்லாம் சேர்த்த படம்.

படத்தில் நல்லவர் என்று யாரும் இல்லை. வாசலில் உட்கார்ந்து சந்தில் விளையாடும் பிள்ளைகளைத் திட்டிக்கொண்டே இருக்கும் தாத்தா. பறவை வளர்க்கும் மாமா. உலகக் கோப்பை வந்தால் முகாமே பிரேசில், இத்தாலி, ஜெர்மனி என்று பிரிந்து கொடி கட்டி அடித்துக்கொள்கிறது. சொந்த நாடு ஆடாத போட்டியில் அடுத்தவன் நாட்டுக்காக இவ்வளவு வெறி. அதைப் பார்த்துச் சிரித்து முடிப்பதற்குள் தொண்டை அடைக்கும்.

நடுவில் அபு இயாத். ஃபத்தா என்ற பாலஸ்தீன இயக்கத்தில் சொற்பச் சம்பளத்துக்கு இருக்கிறான். வேலை கிடையாது, கல்யாணம் கிடையாது, எங்கேயும் போக வழி கிடையாது. ஒரு கட்டத்தில் தலைவர்கள் மேல், இயக்கத்தின் மேல், பாலஸ்தீனம் என்ற பேச்சின் மேலேயே வெறுத்துப்போய் இயக்கக் காகிதங்களை எரிக்கிறான். இதை எந்த ஆதரவுக் கூட்டத்தில் போட்டுக்காட்ட முடியும்? போட்டுக்காட்ட முடியாததால்தான் எனக்கு இது உண்மையாகத் தெரிகிறது. அப்புறம் ஏஜெண்டைப் பிடித்து கிரீஸ் போகிறான். ஃப்ளைஃபெல் அவனை விடவில்லை, ஏதென்ஸ் வரைக்கும் பின்னாலேயே போய் எடுக்கிறார். 'அன்னியன்' (2014) என்ற குறும்படமும் அதில் பிறந்ததுதான். ஏதென்ஸ் பூங்காக்களில் முகாம் பையன்கள் எதை விற்று அன்றைய சாப்பாட்டைப் பார்த்துக்கொள்கிறார்கள் என்பது அதில் வருகிறது.

என் கட்சி இதுதான்: அன்றாடம் என்றால் அசிங்கமும் சலிப்பும் சேர்ந்ததுதான். மஸ்ரியிடம் அன்பு அதிகம். அந்த அன்பே சில இடங்களில் திரை போட்டுவிடுகிறது.

கூத்தாநல்லூரான்

தேன்மொழி, இந்தப் படத்தை நேற்று இரவே பார்த்துவிட்டேன். எங்கள் மேலாளர் ஏன் அரசியல் பேச மாட்டார் என்று இப்போது புரிகிறது. தாத்தாவைப் பார்த்து வீட்டில் எல்லோரும் சிரித்தோம், எங்கள் தெருவிலும் அப்படி ஒரு பெரியவர் இருந்தார்.

ஒரு விஷயம் சொல்ல வேண்டும். இஸ்ரேலை மட்டும் பேசிவிட்டு லெபனானை விட்டுவிடக் கூடாது. அங்கே பிறந்து வளர்ந்தாலும் பாலஸ்தீனர் மருத்துவர், வழக்கறிஞர், பொறியாளர் என்று பல தொழில்களைச் செய்யத் தடை. 2001-இல் வந்த சட்டத்துக்குப் பிறகு சொந்தமாக வீடு, நிலம் வாங்க முடியாது. அய்ன் அல்-ஹில்வேயின் வாசலில் லெபனான் ராணுவச் சாவடி, உள்ளே ஒரு மூட்டை சிமெண்ட் கொண்டுபோக அனுமதிச் சீட்டு. 2017 கணக்கெடுப்பில் முகாம்களிலும் அதைச் சுற்றிய குடியிருப்புகளிலும் சேர்த்து 1,74,422 பாலஸ்தீனர்கள்தான் இருந்தார்கள். ஐ.நா. பதிவேட்டில் அதைப் போல இரண்டரை மடங்குக்கும் மேல். மீதிப் பேர் எங்கே? அபு இயாத் போன வழியில்தான் போயிருப்பார்கள். மஸ்ரி படங்களில் இந்தப் பக்கம் வருகிறதா?

ஒற்றைத்திரை

வருகிறது, ஆனால் சட்டப் பிரிவு எண்ணாக வராது. ஷத்திலாவில் வீடு ஏன் ஒன்றன் மேல் ஒன்றாக ஏறிக்கொண்டே போகிறது, வெயில் ஏன் சந்துக்குள் விழுவதில்லை, படித்த அண்ணன் ஏன் வீட்டில் இருக்கிறான் என்பதாக வரும். பக்கவாட்டில் பரவ இடம் கிடையாது, அதனால் கூரை மேல் கூரை. குழாயில் வருவது உப்புத் தண்ணீர், குடிக்கக் காசு கொடுத்து வாங்க வேண்டும். மின்கம்பியும் தண்ணீர்க் குழாயும் பின்னிக்கொண்டு தொங்குவதால் மழைக்காலத்தில் ஷாக் அடித்துச் செத்தவர்கள் அங்கே உண்டு. இதையெல்லாம் ஒரு குரல் வந்து விளக்கினால் அறிக்கை. பிள்ளை அந்தச் சந்தில் நடந்துபோனால் படம்.

இன்னொன்று: 1985-இலிருந்து 1988 வரை ஷத்திலாவை மாதக்கணக்கில் முற்றுகையிட்டுச் சுட்டது அமல் என்ற லெபனான் ஷியா இயக்கம். அந்தக் கதையில் இஸ்ரேல் இல்லை. முகாமில் யாரிடம் பேசினாலும் அந்த வருடங்கள் வராமல் போகாது. எல்லா வெளிநாட்டு ஆதரவாளர்களும் தாண்டிப் போகிற பகுதி இது.

'அன்பே திரை போடுகிறது' என்பதற்கு முழுப் பதில் என்னிடம் இல்லை. ஒன்று சொல்லலாம். '3000 இரவுகள்' (2015) கதைப்படம். நாப்லஸில் முதல் இந்திஃபாதா சமயத்தில் படம் எடுக்கப் போனபோது மஸ்ரி, சிறையில் பிள்ளை பெற்ற ஒரு பெண்ணைச் சந்தித்தார், அந்தக் கதை அவரை விடவில்லை. சிறைக்குள் ஆவணப்பட கேமரா போக முடியாது. ஜோர்டானில் மூடிக்கிடந்த ராணுவச் சிறை ஒன்றில் போய் எடுத்தார். அதில் பெண் கைதிகள் ஒருவரையொருவர் சந்தேகப்படுகிறார்கள், காட்டிக்கொடுக்கிறார்கள், தட்டில் விழுந்த சோற்றுக்குச் சண்டை வருகிற அளவுக்கு இறுக்கம் இருக்கிறது. அன்பு மட்டும் இல்லை அங்கே.

புதுவரவு

எல்லோருக்கும் வணக்கம், முதல் பதிவு. நீங்கள் பேசுவதெல்லாம் கேமராவோடு ஒருவர் உள்ளே போய் வருடக்கணக்கில் உட்கார முடிந்த காலத்துப் படங்கள். 2023 அக்டோபருக்குப் பிறகு காசாவில் வெளியாள் யாரும் சுதந்திரமாக உள்ளே போய் எடுக்க முடியவில்லை. அங்கே அன்றாடம் என்று சொல்ல என்ன இருக்கிறது?

ரீல்பெட்டி

இருக்கிறது. 'கிரவுண்ட் ஸீரோவிலிருந்து' (2024) பாருங்கள். காசாவின் ஷாதி முகாமில் பிறந்த இயக்குநர் ரஷீத் மஷராவி வெளியிலிருந்து ஒருங்கிணைக்க, உள்ளே இருந்தவர்களே எடுத்து அனுப்பிய 22 குறும்படங்களின் தொகுப்பு. எல்லாம் ஒரே தரம் என்று சொல்ல மாட்டேன். சில வெறும் புலம்பல், சில அவசரத்தில் எடுத்தது தெரிகிறது.

ஆனால் ரபாப் கமீஸ் எடுத்த படத்தில் ஒரு பெண் தண்ணீர் பிடித்துவருகிறார். குடிக்க எடுத்தது போக மீதியில் பிள்ளையைக் குளிப்பாட்டுகிறார். அந்தத் தண்ணீரைக் கொட்டாமல் துவைக்க, துடைக்க, கழிப்பறைக்கு, செடிக்கு என்று அடுத்தடுத்து இறக்குகிறார். சில நிமிடம்தான். வசனம் தேவைப்படவில்லை. தண்ணீர் லாரி வராத கோடையில் குடம் குடமாகக் கணக்குப் பார்த்த எவருக்கும் அந்தப் பெண்ணின் கை எங்கே போகிறது என்று முன்கூட்டியே தெரிந்துவிடும். குண்டு ஒன்றுகூடத் திரையில் விழாமல் முழு முற்றுகையும் அந்த வாளிக்குள் இருக்கிறது.

இன்னொன்று 'டாக்ஸி வனிஸ்ஸா'. வனிஸ்ஸா ஒரு கழுதையின் பெயர். பெட்ரோல் இல்லாததால் கழுதை வண்டியே டாக்ஸி. கதை பாதியில் நின்றுபோகிறது. இயக்குநர் எதிமாத் வஷாஹ் கேமரா முன்னால் வந்து, தன் சகோதரரும் அவர் பிள்ளைகளும் கொல்லப்பட்டுவிட்டதால் தன்னால் முடிக்க இயலவில்லை என்கிறார். பாதிப் படத்தை அப்படியே அனுப்பிவிட்டார்.

தேன்மொழி

மேற்குக்கரையில் இதே மாதிரி உள்ளே இருந்தே எடுத்தது 'வேறு நிலம் இல்லை'. ஒற்றைத்திரை ஆஸ்கர் படம் என்று கிண்டல் செய்தது இதைத்தான். இஸ்ரேல் ராணுவம் கிராமத்து வீடுகளை இடிக்கிற காட்சிகளைவிட எனக்கு இரவில் பாலஸ்தீனரான பாசில் அத்ராவும் இஸ்ரேலியரான யுவல் ஆப்ரஹாமும் ஹூக்கா பிடித்துக்கொண்டு பேசுகிற இடங்கள்தான் நின்றன. ஒருவன் காரை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட முடியும், இன்னொருவனால் முடியாது. இருவரும் அதைத் தெரிந்துகொண்டே நண்பர்களாக இருக்கிறார்கள். அப்புறம் முன்னாள் பிரிட்டிஷ் பிரதமர் டோனி பிளேர் ஏழு நிமிடம் நடந்துபோன தெருவில் இடிப்பு உத்தரவு ரத்தாகிறது. பெரிய மனிதர் கால் பட்டால் பள்ளிக்கூடம் தப்பிக்கும், இதை நமக்குப் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஒற்றைத்திரை

கிண்டல் படத்தை இல்லை, அதோடு நின்றுவிடுகிற நம்மை. அந்தப் படம் 2025 மார்ச்சில் விருது வாங்கியது. அதே மாதத்தில் இயக்குநர்களில் ஒருவரான ஹம்தான் பல்லாலை இஸ்ரேலியக் குடியேற்றக்காரர்கள் அவர் ஊரிலேயே அடித்தார்கள், ராணுவம் பிடித்துவைத்து மறுநாள் விட்டது. படத்தில் உதவிய அவ்தா ஹதலீன் ஜூலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். மஸ்ரிக்கு பெய்ரூட் என்று திரும்பிப் போக ஒரு வீடு இருந்தது. இவர்களுக்குப் படப்பிடிப்பு நடந்த இடமே வீடு.

கூத்தாநல்லூரான்

எங்கே பார்ப்பது என்று யாராவது சொல்லுங்களேன். நெட்ஃபிளிக்ஸில் ஒரு பாலஸ்தீனத் தொகுப்பு இருந்ததே?

ரீல்பெட்டி

2021 அக்டோபரில் வந்தது, 32 படங்கள். 2024 அக்டோபரில் அதில் பெரும்பகுதி எடுக்கப்பட்டது, உரிமக் காலம் முடிந்துவிட்டது என்று நிறுவனம் விளக்கம் சொன்னது. இப்போதைக்கு பாலஸ்தீனத் திரைப்பட அமைப்புகள் நடத்தும் தளங்களில் அவ்வப்போது சில வாரங்களுக்கு இலவசமாகப் போடுவார்கள், கண் வைத்துக்கொள்ளுங்கள். திரைப்பட இயக்கங்கள் கேட்டால் விநியோகஸ்தர்கள் திரையிட அனுமதி தருவதும் உண்டு. தமிழ் வசன வரி எதற்கும் நான் பார்த்ததில்லை.

புதிதாகப் பார்க்கிறவர்களுக்கு என் வரிசை: முதலில் 'ஷத்திலாவின் குழந்தைகள்', அடுத்து எல்லைப் படம், பிறகு ரூமியா அத்தை, பிறகு காசா குறும்படங்கள், கடைசியில் ஃப்ளைஃபெல்.

தேன்மொழி

ஃப்ளைஃபெலைக் கடைசியில் போட்டதுதான் எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை. குழந்தைகளைப் பார்த்து மனம் கசிந்த பிறகு அபு இயாத் வந்தால், அந்தக் குழந்தை வளர்ந்து கெட்டுப்போனது மாதிரி இருக்கும். அவனை முதலில் பாருங்கள். பிடிக்காமல் போகட்டும், கோபம் வரட்டும். அதற்குப் பிறகு ஷத்திலாப் பையனைப் பார்த்தால் அவன் கையில் இருக்கும் கேமரா வேறு மாதிரி தெரியும்.

ரீல்பெட்டி

வாங்கிக்கொள்கிறேன். ஆனால் ரூமியா அத்தையை யாரும் இடம் மாற்ற வேண்டாம்.

தராசு

எல்லைப் படம் கிடைத்தது, பார்த்தேன். வேலிக் காட்சிக்காக மட்டும் திரும்பிப் போய்ப் பார்த்தேன். கேள்வி ஒன்று: மனார் கல்லெடுக்கிற இடத்தில் மஸ்ரி கேமராவை அவள் முகத்திலேயே வைத்திருக்கிறார். கல் யார் மேல் போய் விழுகிறது என்று காட்டியிருக்க வேண்டும் என்பது இன்னும் என் கருத்து. ஆனால் அந்த முகத்துக்கு முந்தைய ஒரு மணி நேரம் இல்லாமல் அதை நான் வேறு மாதிரி படித்திருப்பேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஒற்றைத்திரை, 'நெருப்பின் குழந்தைகள்' கையில் இருக்கிறதா?

ஒற்றைத்திரை

இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை எட்டு மணிக்கு இணையத்தில் கூட்டமாகப் பார்க்கலாம், வருபவர்கள் கீழே பெயர் போடுங்கள். நாப்லஸ் ஊரடங்குக்குள் எடுத்த படம், 14 வருடம் கழித்து மஸ்ரி சொந்த ஊருக்குத் திரும்பிய நேரம் அது. தராசு, உங்கள் கல் கேள்வியை அந்தப் படத்திடமும் கேட்கலாம்.